நான் எழுதிக் கொடுத்த வீடு

எங்கள் ஊரில் கலியாணம் பேசி வருகிறவர்கள் பெண்ணைப் பார்க்கிறார்களோ இல்லையோ, வீட்டைப் பார்த்துவிடுவார்கள். சுவரைத் தட்டுவார்கள், கிணற்றை எட்டிப் பார்ப்பார்கள், மழைக்கு ஒழுகுமா என்று கூரையை அண்ணாந்து பார்ப்பார்கள். மாப்பிள்ளை வந்து குடியிருக்கப் போவது பெண் வீட்டில்தான் என்பதால் அவர்களைக் குறை சொல்லவும் முடியாது. எல்லாம் பிடித்துப்போனால், கலியாணப் பதிவான காவின் எழுதுவதற்கு முன்னால் அந்த வீடு பெண்ணின் பெயருக்கு மாறியாக வேண்டும். கலியாணத்தை எழுதப் பதிவாளர் இருக்கிறார். வீட்டை எழுத நான் இருக்கிறேன்.

நான் சட்டத்தரணி, நொத்தாரிசு. கல்முனையில் ஒரு புடவைக் கடைக்கு மேலே என் கந்தோர். வழக்குப் பேசக் கோட்டுக்குப் போவது குறைவு. காணி உறுதி, அதாவது காணிப் பத்திரம், எழுதுவதுதான் பிழைப்பு. வெள்ளைத்தாளில் எழுதி நாலு பெரியவர்களின் கையெழுத்தை வாங்கினால் உறுதியாகிவிடும் என்று நினைக்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்தத் தாளை மடித்துக் கொண்டுவந்து என் மேசையில் வைப்பார்கள். நொத்தாரிசு எழுதி, வாசித்து விளங்கப்படுத்தி, இரண்டு சாட்சிகள் முன்னால் ஒப்பம் வாங்கினால்தான் காணிப் பதிவகம் அதைத் தொடும். அந்த உரிமை என்னிடம் இருக்கிறது என்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமை உண்டு, மறைப்பானேன்.

வீடு எழுத வருகிற உம்மாமாருக்கு நான் ஒன்றைத் தவறாமல் சொல்வேன். வீட்டை மகளுக்குக் கொடுங்கள், ஆனால் சீவிய உரித்தை வைத்துக்கொண்டு கொடுங்கள். வீடு மகளுடையதுதான், ஆனால் நீங்கள் உயிரோடு இருக்கும்வரை உங்களை அங்கிருந்து யாரும் எழுப்ப முடியாது. உறுதியில் அதற்கு ஒரு வரி போதும். அவர்கள் தலையாட்டிக் கேட்பார்கள். கேட்டுவிட்டு, பக்கத்து நாற்காலியில் இருக்கும் மாப்பிள்ளையின் உம்மாவை ஒரு தரம் பார்ப்பார்கள்.

"வேணாம் லோயர். புள்ளைய நம்பாம எழுதின மாதிரி இரிக்கும்."

எனக்குப் பற்றிக்கொண்டு வரும். "புள்ளைய நம்புங்க. புள்ளைட மாமியையும் சேத்து என்னத்துக்கு நம்புறீங்க?" என்று ஒரு முறை அந்த மாமியை வைத்துக்கொண்டே கேட்டுவிட்டேன். அந்தக் குடும்பம் எழுந்து வேறு நொத்தாரிசிடம் போய்விட்டது.

எழுதிக் கொடுத்துச் சில காலம் போன பிறகு தனியாக வருகிறவர்களும் உண்டு. வீட்டின் முன்னறை கைமாறி, குசினிக்குப் பக்கத்தில் பாய் விரித்துப் படுக்கிறவர்கள். உறுதியை முறிக்க ஏலுமா என்று மெல்லக் கேட்பார்கள். ஏலாது என்று சொல்லி, தேத்தண்ணி எடுப்பித்துக் கொடுத்து அனுப்புவேன்.

இப்படி ஊருக்கு வீடு எழுதிக்கொண்டிருந்த எனக்கு, எங்கள் வீடும் ஒரு நாள் மேசைக்கு வரும் என்பது தெரியாமல் இல்லை. அது உம்மாவின் வீடு. உம்மாவின் உம்மா அவவுக்கு எழுதிக் கொடுத்தது. மூத்த மகள் என்பதால் எனக்கு வரும் என்றுதான் சின்ன வயதில் பேச்சு. நான் கொழும்புக்குப் படிக்கப் போனேன், சட்டத்தரணியாகச் சத்தியப்பிரமாணம் எடுத்தேன், வாப்பா மௌத்தாகி அடக்கமானார், கேட்டு வந்த இடங்களில் ஒன்று பிந்தியது, ஒன்று குழம்பியது, பிறகு கேட்டு வருகிறவர்கள் நின்றுபோனார்கள். இப்போது நாற்பதைத் தொட்டுவிட்டேன். இந்த வயதிலும் எங்கள் ஊர்க் கணக்கில் நான் குமர்தான். என் முன்னால் யாரும் அதைச் சொல்வதில்லை, அவ்வளவுதான்.

தங்கை றுக்ஸானா என்னைவிடப் பல வயது இளையவள். அவளுக்கு நிப்றாஸ் என்று ஒரு பொறியியலாளன் பொருந்தி வந்தான். நல்ல பையன், பெண்ணையும் பார்த்தான். அவனுடைய உம்மா வீட்டைப் பார்த்தா. மேல்மாடியில் நான் கட்டிக்கொண்ட அறைக்குள்ளும் ஏறிப் பார்த்து, காற்று நல்லா வருது என்று சொல்லிவிட்டு இறங்கினா.

தம்பி றமீஸ் சம்மாந்துறையில் கலியாணம் முடித்து மனைவியின் வீட்டில் இருக்கிறான். அந்த வெள்ளிக்கிழமை ஜும்மாவுக்குப் பிறகு ஒரு மூட்டை அரிசியோடு வந்தான். சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னான்.

"ராத்தா, ஊருக்கெல்லாம் நீங்கதானே எழுதுறீங்க. நம்மடதையும் இந்தக் கிழமைக்குள்ள எழுதி முடிங்க. அவங்க அவசரப்படுறாங்க."

"எழுதுறன்" என்றேன்.

நான் எங்கே இருப்பேன் என்று அவன் கேட்கவில்லை. கேட்கக் கூடாது என்று நினைத்து அல்ல. அந்தக் கேள்வி அவனுக்குத் தோன்றவில்லை. எனக்கு அவன் மேல் கோபம் வந்திருக்க வேண்டும். கோபம் வராமல் ஒரு களைப்புத்தான் வந்தது.

அவன் போன பிறகு, நான் கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தபோது உம்மா பின்னால் வந்து நின்றா.

"இஞ்ச பாரு மகள். எழுதக்குள்ள எனக்கும் உனக்கும் சேத்து எழுது. நாம ரெண்டு பேரும் ஹயாத்தோட இரிக்கிற வரைக்கும் நம்மள ஒருத்தரும் எழுப்பேலாம."

நான் திரும்பிப் பார்க்கவில்லை. கழுவிய கோப்பையையே மறுபடியும் கழுவினேன். எத்தனை உம்மாமாருக்குத் தொண்டை வறளச் சொல்லியும் யாரும் கேளாத ஒன்றை என் உம்மா நான் சொல்லாமலே சொல்கிறா. அதுவும் எனக்கும் சேர்த்து. சந்தோசம் என்றால் அப்படி ஒரு சந்தோசம், வெட்கமாகக்கூட இருந்தது. "ஓம் உம்மா" என்று மட்டும் சொன்னேன்.

சனிக்கிழமை கந்தோருக்குப் போனேன். என்னிடம் வேலை செய்யும் துசாந்தினிக்கு அன்று விடுமுறை. நானே கணினிக்கு முன்னால் உட்கார்ந்தேன். நன்கொடை உறுதி எனக்கு மனப்பாடம். கொடுப்பவர் மீராமுகைதீன் றாபியத்தும்மா. பெறுபவர் மீராமுகைதீன் றுக்ஸானா. பிறகு அந்த வரி: கொடுப்பவரினதும் அவருடைய மூத்த மகள் மீராமுகைதீன் ஸுல்பிகாவினதும் சீவிய உரித்து நீங்கலாக. இத்தனை வருடமாக நான் எழுதிய உறுதிகளில் என் பெயர் கடைசியில்தான் வரும், எழுதியவர் என்று. காணியும் கிணறும் மாமரமும் இருக்கிற பக்கத்தில் அது வந்தது அன்றுதான். அந்த வரியை நான் சத்தமாக வாசித்தேன். கேட்க யாரும் இல்லை என்பது அப்போது ஒரு குறையாகப் படவில்லை.

எல்லைகளை எழுதினேன். கிழக்கே முருகேசுவின் வளவு, மேற்கே ஒழுங்கை. எல்லாம் முடிந்து, நொத்தாரிசாகிய நான் என்று கடைசிப் பந்திக்கு வந்தபோது கை நின்றது. ஒரு உறுதியில் தனக்கு ஏதாவது வருகிறது என்றால் அந்த உறுதியை அந்த நொத்தாரிசு எழுதி ஒப்பமிடக் கூடாது. படிக்கிற காலத்தில் முதல் கிழமையே சொல்லித் தந்தது. மற்றவர்களுக்கு எழுதுகிற வரைக்கும் அந்த விதி எனக்குத் தேவைப்பட்டதே இல்லை. எனக்கு என்று ஒன்று வந்தவுடன் தலைகால் தெரியாமல் மறந்துபோயிருக்கிறேன். தனியாக உட்கார்ந்து கொஞ்ச நேரம் சிரித்தேன்.

பெரிய காரியமில்லை. வேறு நொத்தாரிசு எழுதினால் சரி. தெருவுக்கு அந்தப் பக்கம், என் யன்னலுக்கு நேரே இன்பாஸின் கந்தோர். என்னைவிட மூத்தவர், வாய் கொஞ்சம் நீளம், ஆனால் வேலை சுத்தம். தாளை எடுத்துக்கொண்டு போனேன்.

"என்ன மிஸ், ஊருக்கெல்லாம் எழுதிப்போட்டு உங்கடதுக்கு எங்கிட்டயா வந்திரிக்கீங்க?" என்றார். வாசித்தார். என் பெயர் வந்த இடத்தில் கண் நின்றதைக் கண்டேன். கேலியை விட்டுவிட்டார். "நல்ல விசயம். வைக்கத்தான் வேணும். திங்கக்கிழமை உம்மாவைக் கூட்டிட்டு வாங்க, நான் எங்கயும் போகல்ல."

திங்கட்கிழமை என்று மனதில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். வழியில் உம்மாவுக்குப் பிடித்த இனிப்பு, மஸ்கட்டும் வாங்கினேன்.

உம்மா பின்வாசலில் இருந்து நெத்தலி ஆய்ந்துகொண்டிருந்தா. மஸ்கட்டைப் பிரித்து வைத்தேன், எடுக்கவில்லை. என்ன உம்மா என்றேன். தலையை நிமிர்த்தாமலே சொன்னா.

"றமீஸ் கதைச்சான். நம்ம ரெண்டு பேருக்கும் சேத்து எழுதுறத நான் அவனுக்குச் செல்லிட்டன். மாப்பிள்ளைட உம்மாட்ட அவன் விசயத்தச் செல்லியிரிக்கான். எனக்கு எழுதுறதுக்கு அவக்கு ஒண்டும் இல்லையாம். உனக்கும் எழுதுறதுதான்..."

"என்ன சொன்னாவாம்?"

"அதுகள என்னத்துக்கு மகள்."

"சொல்லுங்க உம்மா."

"குமருக்குக் காவல் இரிக்கவா எங்கட புள்ள வாறான் எண்டு கேட்டிச்சாம்."

நான் பக்கத்தில் பலகையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். கிழக்கே முருகேசுவின் வளவில் தேங்காய் பறித்துக்கொண்டிருந்தார்கள்; ஒவ்வொன்றாக விழும் சத்தம் கேட்டது. உம்மாவின் முகத்தைப் பார்த்தேன். அவ பாவம். ஒரு மகளின் கலியாணமும் ஒரு மகளின் அறையும் அவவின் இரண்டு கையிலும் இருந்தன. எதைக் கீழே வைப்பது என்று தெரியாமல் காலையிலிருந்து நெத்தலி ஆய்ந்திருக்கிறா.

அவ சண்டை பிடிப்பா என்று எனக்குள் ஒரு ஆசை இருந்தது. ஒரு பின்னேரத்துக்காவது. 'என்ட மூத்த மகள் இந்த வீட்டிலதான் இரிப்பா' என்று யாரிடமாவது ஒரு முறை சொல்லிவிட்டு, பிறகு தோற்றால்கூடப் பரவாயில்லை. அதை என் வாயால் கேட்க முடியுமா? நான் வந்த காரியத்தைப் பேசினேன்.

"திங்கக்கிழமை நாம இன்பாஸ் லோயர்ர கந்தோருக்குப் போகணும் உம்மா."

"ஏன்? நீதானே எழுதுறாய்?"

"என்ட பேரு உள்ளுக்க வந்தா நான் எழுதேலா. சட்டம் அப்பிடி. நான் எழுதினா என்ட பேரு வரேலா."

உம்மாவின் கை நின்றது. "நீ எழுதினா உன்ட பேரு வரேலாவா?"

"ஓம்."

"சட்டத்திலயே அப்பிடியா இரிக்கி?"

"ஓம் உம்மா."

அப்போதுதான் அவ நிமிர்ந்து என்னைப் பார்த்தா. காலையிலிருந்து இறுகிக் கிடந்த முகம் என் கண்முன்னால் இளகியது. அப்படி ஒரு நிம்மதியை நான் அவ முகத்தில் வாப்பா மௌத்தானதற்குப் பிறகு கண்டதில்லை.

"அப்ப நீயே எழுது மகள்" என்றா. "நம்மட வீட்ட நம்மட புள்ள எழுதாம வேறாள் எழுதினா ஊர் என்ன செல்லும்? உன்ன இவ்வளவு படிப்பிச்சது எதுக்கு? சட்டம் அப்பிடி எண்டா நாம என்ன செய்ற."

சேலைத் தலைப்பில் கையைத் துடைத்துவிட்டு எழுந்து போய்ப் போனை எடுத்தா. "மனே, ராத்தா செல்றா, சட்டத்தில இடமில்லையாம். ஓம், அவதான் எழுதுவா. நீ அவங்களுக்கு எடுத்துச் செல்லிடு" என்று றமீஸுக்குச் சொல்வது கேட்டது. நான் அப்படிச் சொல்லவில்லை. ஆனால் உம்மா பொய்யும் சொல்லவில்லை. திரும்பி வந்து மஸ்கட்டில் ஒரு துண்டை எடுத்து வாயில் போட்டுக்கொண்டு, நல்லா இரிக்கி என்றா. எனக்கு அழ வேண்டும் போல் இருந்தது. மேலே என் அறைக்குப் போனேன். அழுகை வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அந்த வரியில் என் பெயரை அழித்தேன். அதற்கு ஒரு விசைதான் அழுத்த வேண்டியிருந்தது.

திங்கட்கிழமை எல்லாரும் என் கந்தோருக்கு வந்தார்கள். உம்மா, றுக்ஸானா, றமீஸ், மாப்பிள்ளையின் உம்மா. சாட்சிக்கு றமீஸும் துசாந்தினியும். துசாந்தினி நாற்காலிகளைப் போட்டு எல்லாருக்கும் சோடா உடைத்துக் கொடுத்தாள். நான் மேசைக்குப் பின்னால் என் இடத்தில் இருந்தேன். உம்மா, வீடு எழுத வருகிற உம்மாமார் இருக்கிற அந்த நாற்காலியில் இருந்தா. அவவுக்குப் பக்கத்தில் மாப்பிள்ளையின் உம்மா.

வாசிக்கத் தொடங்கினேன். உறுதியை வாசிக்கிற குரல் ஒன்று எனக்கு இருக்கிறது, எல்லாருக்கும் ஒரே குரல்தான். கொடுப்பவர், பெறுபவர், கொடுப்பவரின் சீவிய உரித்து நீங்கலாக, மகள் மேல் உள்ள அன்பினாலும் பாசத்தினாலும். அது எல்லா நன்கொடை உறுதியிலும் வருகிற வாசகம். அதில் வருகிற மகள் றுக்ஸானா. எல்லைகளை வாசித்து முடித்துத் தாளை மேசையில் வைத்தேன்.

"ராத்தாக்கு?" என்றாள் றுக்ஸானா.

அவளுக்கு யாரும் எதுவும் சொல்லியிருக்கவில்லை என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது. கையில் பேனாவைப் பிடித்தபடி உம்மாவையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"உம்மாக்கு எழுதியிரிக்கி. ராத்தாக்கு எங்க? அவவும் இஞ்சதானே இரிக்கிறா."

"சட்டத்தில இடமில்ல மகள்" என்றா உம்மா, வேகமாக. "ராத்தாட்டயே கேளு."

எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள். றமீஸ் தரையைப் பார்த்தான். மாப்பிள்ளையின் உம்மா என்னை நேராகப் பார்த்தா. யன்னலுக்கு அப்பால் இன்பாஸின் பலகை தெரிந்தது, கதவும் திறந்துதான் கிடந்தது. இடமிருக்கிறது, தெருவைக் கடந்தால் போதும் என்று நான் சொல்லலாம். சொன்னால் றுக்ஸானா பேனாவை வைத்துவிடுவாள். அவளை எனக்குத் தெரியும். பிறகு இந்த அறையில் என்ன நடக்கும் என்பதும் எனக்குத் தெரியும். உம்மாவைப் பார்த்தேன். அவ என்னிடம் கெஞ்சவில்லை. நான் என்ன சொன்னாலும் கேட்கத் தயாராக, மடியில் கையை வைத்துக்கொண்டு இருந்தா.

"நான் எழுதினா இடமில்ல" என்றேன்.

அதற்கு அடுத்த கேள்வியை யாராவது கேட்பார்கள் என்று காத்திருந்தேன். உண்மையாகவே காத்திருந்தேன், வேண்டுமென்று தாள்களை அடுக்கினேன், முத்திரைப் பெட்டியைத் திறந்தேன். அப்ப வேற ஆக்கள் எழுதினா, என்று ஒரு வார்த்தை. ஒருவரும் கேட்கவில்லை.

"லோயரே செல்லிட்டா" என்றா மாப்பிள்ளையின் உம்மா. "சட்டத்துக்கு மேல நாம என்ன கதைக்கிற."

றுக்ஸானா என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். நான் சிரித்தேன். அவளும் சிரித்து, பேனாவைச் சரியாகப் பிடித்துக்கொண்டாள்.

ஒப்பம் வாங்குவதற்கு முன்னால் கொடுப்பவரிடம் ஒரு கேள்வி கேட்க வேண்டும். யாரும் வற்புறுத்தாமல், சொந்த விருப்பத்தில்தான் கொடுக்கிறாரா என்பதை நொத்தாரிசு தன் காதால் கேட்க வேண்டும். நான் எல்லாரிடமும் கேட்கிற கேள்வி.

"றாபியத்தும்மா, இந்த வீட்ட நீங்க உங்கட முழு விருப்பத்தோடதானா குடுக்கிறீங்க?"

பெயரைச் சொல்லித்தான் கேட்க வேண்டும். உம்மாவை நான் பெயர் சொல்லிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. அவ கண் கலங்கியது.

"ஓம்" என்றா.

கையெழுத்து வைத்தா. இடது பெருவிரலைத் துசாந்தினி மையில் தொட்டு எடுத்துத் தாளில் வைத்தாள். றுக்ஸானா ஏற்றுக்கொண்டதாக ஒப்பமிட்டாள், சாட்சிகள் ஒப்பமிட்டார்கள், கடைசியில் நான். மீராமுகைதீன் ஸுல்பிகா, நொத்தாரிசு. பிழை ஒன்றும் இல்லாத உறுதி. காணிப் பதிவகத்தில் யாரும் அதைத் திருப்பி அனுப்ப மாட்டார்கள்.

எல்லாரும் எழுந்தார்கள். உம்மா என் மேசைக்கு வருவா என்று நினைத்தேன். மை பட்ட விரலைப் பார்த்துக்கொண்டு படியிறங்கிவிட்டா. றமீஸ் ஆட்டோ பிடிக்கப் போனான். கடைசியாக நின்றது மாப்பிள்ளையின் உம்மாதான். கெட்ட மனுசி என்று நான் சொல்ல மாட்டேன். மகனுக்கு நல்ல வீடு கிடைத்த சந்தோசத்தில் என் கையைப் பிடித்துக்கொண்டா.

"நீங்க எழுதினபடியால ஒரு சுணக்கமுமில்லாம முடிஞ்சிரிச்சி புள்ள. கலியாணம் முடிஞ்ச பொறகும் எங்கட புள்ளைகளை மறந்திராதீங்க. வீட்டுப் பக்கம் அடிக்கடி வந்து போங்க."

"ஓம், வாறன்" என்றேன்.

அவ போன பிறகு துசாந்தினி சோடாப் போத்தல்களை எடுத்து அடுக்கினாள். பின்னேரம் கந்தோரைப் பூட்டிவிட்டு அந்த வீட்டுக்குத்தான் போனேன். கேற்றைத் திறக்கக் கை வைத்தவள், வைத்த கையை எடுத்துவிட்டு, வெளியே நின்று றுக்ஸானாவைக் கூப்பிட்டேன்.